கையெழுத்துப் போடத் தெரிந்தவர்கள்

"கையெழுத்துப் போடத் தெரியுதுல்லக்கா? அப்புறம் எதுக்குப் படிச்சுக் காட்டணும்?"

குழு லோன் வசூலுக்கு வருகிற பையன் எங்கள் தெரு அக்கா ஒருவரிடம் கேட்ட கேள்வி இது. கோபமாகக் கேட்கவில்லை. நேரமாகிவிட்டது, இன்னும் நாலு ஊருக்குப் போக வேண்டும், நியாயத்தைத்தான் கேட்கிறோம் என்ற முகத்தோடு கேட்டான். அக்கா பதில் சொல்லவில்லை. பென்சிலால் பெருக்கல் குறி போட்டிருந்த இடங்களில் எல்லாம் வரிசையாகக் கையெழுத்துப் போட்டுவிட்டு எழுந்து வந்துவிட்டார். சில மாதங்களுக்கு முன்னால்தான் என் கண்ணெதிரே அவர் கற்றுக்கொண்ட கையெழுத்து அது. அன்றிலிருந்து அந்தப் பையனின் கேள்வி என்னை விடவில்லை.

நான் ஜெராக்ஸ் கடை வைத்திருக்கிறேன். சாயங்காலங்களில் எங்கள் தெருப் பெரியவர்களுக்கு எழுதப் படிக்கச் சொல்லிக்கொடுக்கிற வகுப்பும் எடுக்கிறேன். ஜெராக்ஸ் என்பது பெயருக்குத்தான். பாதி நாள் மற்றவர்களுக்குப் படிவம் நிரப்பிக் கொடுப்பதிலேயே போகிறது. முதியோர் உதவித்தொகை, பட்டா மாறுதல், கேஸ் இணைப்பு, வங்கிச் சலான் என்று எதையாவது நீட்டி, "தம்பி, இதைக் கொஞ்சம் எழுதிக் குடு" என்பார்கள். மேசையில் நூல் கட்டிய பேனா ஒன்று, அதன் பக்கத்தில் இங்க் பேட். கடன் பத்திரம், ஒப்பந்தம் எல்லாம் டைப் செய்கிறவன் என்பதால் எனக்கு ஒரு விஷயம் நன்றாகத் தெரியும். கைநாட்டு வைக்கிறவர்களுக்கான பத்திரத்தில் கடைசியில் ஒரு வரி கூடுதலாக வரும். மேற்கண்டவற்றைப் படித்துக் காட்டக் கேட்டு, சரியென ஒப்புக்கொண்டு, இடது கைப் பெருவிரல் ரேகை வைத்தேன் என்று. கீழே சாட்சி ஒருவர் கையெழுத்துப் போட வேண்டும். ஒப்புக்குத்தான் என்றாலும், யாரோ ஒருவர் அதை வாய்விட்டுப் படித்தாக வேண்டிய கட்டாயம் அந்த வரியில் இருக்கிறது. கையெழுத்துப் போடுகிறவருக்கு அந்த வரி கிடையாது. அவருக்குப் படிக்கத் தெரியும் என்று காகிதமே முடிவு செய்துவிடுகிறது. அப்படியானால் அந்த அக்கா பெயர் எழுதக் கற்றுக்கொண்ட நாளில், அவருக்குப் படித்துக் காட்ட வேண்டிய பொறுப்பு ஊரில் யாருக்கும் இல்லாமல் போய்விட்டது. அவர் ஏறிய படி, அவர் காலுக்குக் கீழே இருந்த ஒரு பலகையை உருவிவிட்டது.

இதைச் சொன்னால் சிலர் உடனே, "பார்த்தீர்களா, கையெழுத்துக் கற்றுக்கொடுப்பதெல்லாம் கண்துடைப்பு, அது எழுத்தறிவே இல்லை, படம் வரைகிற மாதிரி" என்பார்கள். எங்கள் ஊர் ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் ஒருவருக்கு இந்தக் கருத்து ரொம்ப உறுதி. நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். வங்கியில் கைநாட்டு வைப்பதைப் பக்கத்தில் நின்று பார்த்திருக்கிறீர்களா? அவர்களாக வைப்பதில்லை. எதிரே இருக்கிறவர் விரலைப் பிடித்து, பேடில் ஒரு உருட்டு உருட்டி, காகிதத்தில் ஒரு அமுக்கு அமுக்கி, கையை விட்டுவிடுவார். தன் கை தன் வசத்தில் இல்லாத அந்த இரண்டு நொடி. அப்புறம் அந்த நீலத்தைத் துடைக்கத் துணி கிடையாது. தலைமுடியிலோ சுவரிலோ தேய்த்துக்கொண்டு போவார்கள். எங்கள் வகுப்பில் முதல் முறையாகத் தன் பெயரை எழுதி முடித்த ஒரு ஆயா, அதை வாசித்துப் பார்க்கவில்லை, விரலைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். சுத்தமாக இருந்தது. இதைப் படம் வரைதல் என்று ஒதுக்க எனக்கு மனம் வராது.

ஆக, கையெழுத்து பெரிய விஷயம்தான். ஆனால் அதோடு நிறுத்தினால் ஆபத்து. இந்த இரண்டையும் ஒரே நேரத்தில் எப்படி நம்புவது என்று யோசித்துக்கொண்டிருந்த நாட்களில்தான், முன்பு மேலோட்டமாகப் படித்திருந்த ஒரு பள்ளியின் கதைக்குத் திரும்பிப் போனேன். அமெரிக்காவின் தென் கரோலினா மாநிலத்தில், கடலோரத்தில் ஜான்ஸ் தீவு என்று ஒன்று இருக்கிறது. அங்கே 1957 ஜனவரியில், ஒரு மளிகைக் கடையின் பின் அறையில் தொடங்கிய பள்ளி அது.

மளிகைக் கடைக்குப் பின்னால்

ஜான்ஸ் தீவு சார்ல்ஸ்டன் நகரத்துக்குப் பக்கத்தில் இருக்கிறது. பருத்தியும் நெல்லும் விளைந்த தோட்டங்களில் அடிமைகளாக உழைத்தவர்களின் பேரன் பேத்திகள் வாழ்ந்த இடம். அந்தப் பள்ளி உருவாகக் காரணமானவர்களில் ஒருவரான செப்டிமா கிளார்க் என்ற கறுப்பினப் பெண் 1916இல், பதினெட்டு வயதில், அங்கே ஆசிரியராகப் போனார். சார்ல்ஸ்டனின் அரசுப் பள்ளிகளில் கறுப்பினத்தவர் ஆசிரியராக முடியாத காலம். அவருக்கும் இன்னொரு ஆசிரியருக்கும் சேர்த்து 132 பிள்ளைகள். பக்கத்திலேயே வெள்ளைப் பிள்ளைகளின் பள்ளியில் மூன்றே பேர். கிளார்க்குக்குச் சம்பளம் 35 டாலர், அந்தப் பள்ளி ஆசிரியருக்கு 85. பாடப் புத்தகம் இல்லாததால், சலவைக் கடைக் காகிதப் பைகளை விரித்து, பிள்ளைகள் நடந்து வருகிற வழியையும் அங்கே முளைத்துக் கிடக்கிற செடிகளையும் பற்றி அவர்கள் சொன்னதையே எழுதி, அதையே படிக்க வைத்தார். பிற்பாடு உலகமெங்கும் பெரிய பெயர்களோடு பேசப்பட்ட ஒரு கல்வி முறை, அந்தப் பைகளில் கிட்டத்தட்ட முழுசாக இருந்தது என்றுதான் நான் நினைக்கிறேன்.

1956இல் தென் கரோலினா அரசு ஒரு சட்டம் போட்டது. கறுப்பின மக்களின் உரிமைச் சங்கமான என்.ஏ.ஏ.சி.பி.யில் அரசு ஊழியர்கள் உறுப்பினராக இருக்கக் கூடாது. பலர் பெயரை மறைத்துக்கொண்டார்கள். கிளார்க் மறைக்கவில்லை. நாற்பது ஆண்டு ஆசிரியப் பணி போனது, ஓய்வூதியமும் போனது. டென்னசி மாநில மலைப்பகுதியில் மைல்ஸ் ஹார்ட்டன் 1932இல் தொடங்கியிருந்த ஹைலேண்டர் பள்ளி அவரை வேலைக்கு எடுத்துக்கொண்டது. வெள்ளையரும் கறுப்பினத்தவரும் ஒரே மேசையில் உட்கார்ந்து சாப்பிட்டு, ஒரே அறையில் விவாதித்த இடம். முந்தைய வருடம், 1955 கோடையில், அங்கே நடந்த ஒரு பயிலரங்குக்கு ரோசா பார்க்ஸ் வந்திருந்தார். அதே ஆண்டு டிசம்பரில்தான் மாண்ட்கோமரி பேருந்தில் வெள்ளைப் பயணிக்காக இருக்கையை விட்டு எழ மறுத்தார்.

ஜான்ஸ் தீவில் ஈசா ஜென்கின்ஸ் என்பவர் விவசாயம் பார்த்துக்கொண்டே ஒரு பேருந்தும் ஓட்டினார். தீவிலிருந்து சார்ல்ஸ்டனுக்கு வேலைக்குப் போகிறவர்கள் அதில்தான் போனார்கள். அன்றைக்கு அந்த மாநிலத்தில் வாக்காளராகப் பதிய வேண்டுமானால் மாநில அரசியல் சட்டத்தின் ஒரு பகுதியைப் படித்துக் காட்ட வேண்டும், அல்லது 300 டாலர் மதிப்புள்ள சொத்து இருக்க வேண்டும். ஜென்கின்ஸ் அந்தச் சட்டப் பகுதியின் பிரதிகளைப் பயணிகளிடம் கொடுத்து, போகிற வழியில் சொல்லிக்கொடுப்பார். ஒரு பெண் அதை வரிக்கு வரி மனப்பாடமாகவே சொல்லக் கற்றுக்கொண்டார். ஆனால் தனக்கு உண்மையிலேயே படிக்க வேண்டும் என்று ஜென்கின்ஸிடம் கேட்டார். ஜென்கின்ஸ் ஹைலேண்டருக்கு வந்து பள்ளி கேட்டதற்குப் பின்னால் அந்தப் பெண்ணின் ஆசை இருந்தது.

தீவில் முதியோர் கல்வி அதற்கு முன்னும் இருந்தது. யாரும் போகவில்லை. ஏன் என்று விசாரித்தபோது ஹார்ட்டனுக்குக் கிடைத்த காரணம் எளிமையானது. பெரியவர்களைச் சின்னப் பிள்ளைகளின் நாற்காலியில் உட்கார வைத்து, சின்னப் பிள்ளைகளின் பாடத்தை நடத்தியிருக்கிறார்கள். முழங்கால் மார்பில் இடிக்க உட்கார்ந்திருந்த தாத்தாக்களைப் பிள்ளைகள் கேலி செய்திருக்கிறார்கள். இதைப் படித்தபோது எனக்கு எங்கள் வகுப்பு நடக்கிற தொடக்கப் பள்ளி அறைதான் கண்ணில் வந்தது. சுவரில் நரியும் திராட்சையும், அணிலும் ஆப்பிளும். கரும்பலகை எங்கள் இடுப்பு உயரத்தில். நல்லவேளை, தரையில் உட்காருகிறோம்.

புதிய பள்ளிக்கு இடம் கேட்டபோது தீவின் பள்ளித் தலைமையாசிரியரும் மறுத்தார், தேவாலயப் பாதிரியாரும் மறுத்தார். பயம்தான். அவர்களைக் குறை சொல்ல எனக்கு வாய் வரவில்லை. வேலை போகிற பயம் சாதாரணமானதல்ல, கிளார்க்குக்கு என்ன நடந்தது என்று எல்லோரும் பார்த்திருந்தார்கள். கடைசியில் ஹைலேண்டர் 1,500 டாலர் வட்டியில்லாக் கடன் கொடுக்க, தீவு மக்கள் ஒரு பழைய கட்டிடத்தை வாங்கினார்கள். முன் பக்கம் கூட்டுறவு மளிகைக் கடை, பின்னால் வகுப்பு. வெளியிலிருந்து பார்க்கிற வெள்ளையருக்குக் கடை மட்டும் தெரியும்.

யார் பாடம் நடத்துவது? கிளார்க்கின் உறவுப் பெண் பெர்னிஸ் ராபின்சனைத் தேர்ந்தெடுத்தார்கள். அவர் சார்ல்ஸ்டனில் அழகு நிலையம் நடத்தினார், தையலும் தெரியும். ஆசிரியப் பயிற்சி கிடையாது. எனக்கு எப்படிச் சொல்லிக்கொடுக்க வரும் என்று அவரே தயங்கினார். பயிற்சி இல்லாதவர்தான் வேண்டும் என்று கிளார்க்கும் ஹார்ட்டனும் பிடிவாதமாக இருந்தார்கள். பயிற்சி பெற்றவர் மாணவர்களைக் குனிந்து பார்ப்பார் என்று அஞ்சினார்கள். இன்னொரு காரணமும் இருந்தது. ராபின்சனின் வாடிக்கையாளர்கள் எல்லோரும் கறுப்பினப் பெண்கள். வெள்ளை முதலாளி யாரும் அவரை வேலையை விட்டுத் தூக்க முடியாது. கல்வியைப் பற்றிய விவாதங்களில் இந்த மாதிரி விஷயங்கள் பேசப்படுவதே இல்லை. ஒருவர் தைரியமாகச் சொல்லிக்கொடுக்க வேண்டுமானால் அவருடைய சோறு யார் கையில் இருக்கிறது என்பதும் கணக்கில் வரும்.

முதல் நாள் பதினான்கு பேர் வந்தார்கள். ராபின்சன் தொடக்கப் பள்ளிப் புத்தகங்கள் சிலவற்றைக் கையோடு கொண்டுபோயிருந்தார். வந்தவர்களைப் பார்த்ததும் அவை இவர்களுக்கு ஆகாது என்று ஒதுக்கி வைத்துவிட்டார். நான் உங்கள் டீச்சர் இல்லை, சேர்ந்து படிப்போம் என்கிற பொருளில் பேச்சைத் தொடங்கி, உங்களுக்கு என்ன தெரிய வேண்டும் என்று கேட்டார். வந்த பட்டியலைக் கவனியுங்கள். பெயரை எழுத வேண்டும். பைபிள் படிக்க வேண்டும். மணியார்டர் படிவம் நிரப்ப வேண்டும். தபாலில் பொருள் வரவழைக்கிற கடைப் பட்டியலைப் பார்த்து ஆர்டர் எழுத வேண்டும். அப்புறம் வாக்காளர் பதிவு. இதுதான் பாடத்திட்டம். சுவரில் அவர் ஒட்டிய ஒரே காகிதம் ஐ.நா.வின் மனித உரிமைப் பிரகடனம். வகுப்பு முடிவதற்குள் இதை எல்லோரும் படித்துப் புரிந்துகொள்ள வேண்டும் என்பது அவருடைய ஆசை.

மணியார்டரும் மனித உரிமையும் ஒரே அறையில். இதை நான் பலமுறை யோசித்துப் பார்த்திருக்கிறேன். நம்மிடம் இந்த இரண்டும் தனித்தனி ஆட்கள் கையில் இருக்கின்றன. மணியார்டர் ஆட்கள் நடைமுறை பேசுவார்கள், பிரகடன ஆட்கள் விடுதலை பேசுவார்கள்.

பெயர் எழுதக் கற்றுக்கொடுத்த விதம் எங்கள் வகுப்பில் செய்வதேதான். அட்டையில் பெயரை எழுதிக் கொடுத்து, அதன் மேலேயே திரும்பத் திரும்ப எழுத வைப்பது, கைக்கு அந்த வளைவு பழகும் வரை. அறுபத்தைந்து வயது மாணவி ஒருவர் ஒருநாள் பலகையில் எழுதியிருந்த பெயர்களில் தன்னுடையதைக் கண்டுபிடித்து, ராபின்சன் கையிலிருந்த அடிக்கோலை வாங்கி, இதோ என் பெயர் என்று ஒவ்வொரு எழுத்தாகத் தொட்டுக் காட்டினார். ராபின்சனுக்கு மெய்சிலிர்த்துப் போனது. அந்த வகுப்பும் கையெழுத்தில்தான் தொடங்கியது. ஆனால் அங்கே பெயரை எழுதிய கை அடுத்து எந்தக் காகிதத்துக்குப் போக வேண்டும் என்பது அந்த அறையில் இருந்த எல்லோருக்கும் தெரிந்திருந்தது.

எங்கே தடுக்கிறார்கள்

1961இல் டென்னசி அரசு ஹைலேண்டரை மூட வைத்தது. அதற்குள் பள்ளித் திட்டம் மார்ட்டின் லூதர் கிங்கின் அமைப்பான எஸ்.சி.எல்.சி.யிடம் கைமாறியிருந்தது. ஜார்ஜியாவில் டார்செஸ்டர் என்ற இடத்தில் கிளார்க், டாரதி காட்டன், ஆண்ட்ரூ யங் மூவரும் பயிற்சி நடத்தினார்கள். தென் மாநிலங்களிலிருந்து விவசாயிகள், சமையல்காரர்கள், முடிதிருத்துகிறவர்கள் பேருந்தில் வந்து ஐந்து நாள் தங்கி, ஊருக்குத் திரும்பி அவரவர் சமையலறையிலும் கடையிலும் வகுப்பு வைத்தார்கள். 1957க்கும் 1970க்கும் இடையில் 897 பள்ளிகள் என்பது கிளார்க் சொன்ன கணக்கு. 1965இல் வாக்குரிமைச் சட்டம் வந்து அந்த எழுத்தறிவுத் தேர்வையே நிறுத்தியது. படிக்கத் தெரியாதவர்கள் உள்ளே வரக் கூடாது என்று கட்டிய கதவை, படிக்கக் கற்றுக்கொண்டவர்கள் எல்லோருக்குமாகத் திறந்துவிட்டார்கள்.

இதே காலத்தில் பிரேசிலில் பாவ்லோ ஃப்ரெய்ரே என்ற கல்வியாளர் செய்ததும் இதற்கு மிக அருகில் வரும். அங்கேயும் எழுத்தறியாதவர்களுக்கு ஓட்டு இல்லை. 1963இல் அங்கிகோஸ் என்ற சிற்றூரில் நாற்பது மணி நேர வகுப்பில் சுமார் 300 தொழிலாளர்களைப் படிக்க வைத்தார். அடுத்த வருடமே ராணுவம் ஆட்சியைப் பிடித்தது, அவரைச் சிறையில் வைத்து, பிறகு நாட்டை விட்டு வெளியேற வைத்தது. வேளாண் கூலிகளுக்கு எழுத்து சொல்லிக்கொடுத்ததற்கு இவ்வளவு பயம். 1987 டிசம்பரில் ஹார்ட்டனும் ஃப்ரெய்ரேயும், மூடப்பட்ட பிறகு வேறு இடத்தில் மீண்டும் இயங்கிய ஹைலேண்டரில் சந்தித்து நாள்கணக்கில் பேசிக்கொண்டிருந்தார்கள்.

இங்கேதான் எனக்கு ஒரு முடிச்சு. நம் நாட்டில் ஓட்டுக்கு எழுத்து தேவைப்படவே இல்லை. 1951-52இல் நடந்த முதல் பொதுத் தேர்தலிலேயே வயது வந்த எல்லோருக்கும் ஓட்டு உண்டு. படிக்கத் தெரியாதவர்களுக்காகச் சின்னம் வந்தது. உதயசூரியனும் இரட்டை இலையும் நமக்கு எழுத்துக்குப் பதிலாகக் கிடைத்தவை. இது நாம் உண்மையிலேயே பெருமைப்பட வேண்டிய முடிவு. ஆனால் அதன் விளைவாக, படித்தால் இந்தக் கதவு திறக்கும் என்று நாம் யாருக்கும் கை நீட்டிக் காட்ட முடியவில்லை. ஜான்ஸ் தீவின் வகுப்பை அப்படியே தூக்கிவந்து இங்கே வைத்தால் வேலைக்கு ஆகாது. அங்கே தடுத்த இடம் வாக்காளர் பதிவு மேசை. எங்கள் தெருப் பெண்களைத் தடுக்கிற இடம் எது?

எங்கள் பாடநூலில் அம்மா, ஆடு, இலை எல்லாம் இருக்கின்றன. சுத்தம் சுகம் தரும் என்று இருக்கிறது, மரம் வளர்ப்போம் என்று இருக்கிறது. ஒன்றும் தப்பில்லை. ஆனால் அந்த அக்கா பெருக்கல் குறி போட்ட இடங்களில் கையெழுத்துப் போட்டுவிட்டு வந்த சாயங்காலம், அந்தப் பையன் கேட்டதை வகுப்பில் எல்லோரிடமும் சொன்னார். நான் புத்தகத்தை மூடிவைத்தேன். "அந்தத் தாள் கையில இருக்காக்கா?" என்று கேட்டேன். மஞ்சப்பையிலிருந்து எடுத்தார், நான்காக மடித்து, ரேஷன் கார்டோடு ரப்பர் பேண்டு போட்டு வைத்திருந்தார்.

பலகையில் ஏறிய தாள்

ரிசர்வ் வங்கி 2022 மார்ச்சில், இந்தக் குழு லோன் போன்ற நுண்கடனுக்கு விதிகள் வெளியிட்டது. வட்டி எவ்வளவு, கட்டணம் எவ்வளவு, மொத்தம் எவ்வளவு திருப்பிக் கட்ட வேண்டும் என்று ஒரு தகவல் தாள் கடன் வாங்குகிறவருக்குத் தர வேண்டும். அவருக்குப் புரிகிற மொழியில் இருக்க வேண்டும். ஒரு குடும்பம் கட்டுகிற எல்லாக் கடன் தவணைகளும் சேர்த்து அதன் மாத வருமானத்தில் பாதியைத் தாண்டக் கூடாது. முன்கூட்டியே கட்டினால் அபராதம் கிடையாது. நல்ல விதிகள்தான். அக்கா கொண்டுவந்த தாளும் தமிழில்தான் இருந்தது. ஆண்டு சதவீத விகிதம், செயலாக்கக் கட்டணம், நிலுவை அசல் என்று. தமிழ்தான், ஆனால் அந்தத் தமிழை எங்கள் தெருவில் யாரும் பேசி நான் கேட்டதில்லை. விதிப்படி எல்லாம் சரியாக இருக்கும்போதும் ஒருவரை இருட்டில் வைக்க முடியும்.

தாளில் இருந்ததைப் பலகையில் பெரிதாக எழுதினேன். கடன் தொகை 40,000. வட்டி ஆண்டுக்கு 24 சதவீதம். கீழே பிடித்தங்கள். முதலில் அவர்கள் தெரிந்த எழுத்துகளைத் தேடினார்கள். கட்டணம் என்பதில் இருக்கிற ட்ட, பட்டம் பாடத்தில் வந்தது என்று ஒருவர் கண்டுபிடித்தார். காப்பீடு என்பதை எழுத்துக் கூட்டிப் படித்துவிட்டு, "அப்படின்னா?" என்று கேட்டார் இன்னொருவர். இன்சூரன்ஸ் என்றேன். "அட, அதுக்குத்தான் காசு புடிச்சானா? எனக்குக் கையில கம்மியா வந்துச்சேன்னு நான் என் மகனைச் சந்தேகப்பட்டேன்" என்றார். அறை கொஞ்ச நேரம் அமைதியானது. அப்புறம் எல்லோரும் ஒரே நேரத்தில் பேச ஆரம்பித்தார்கள். அவரவருக்கு எவ்வளவு கையில் வந்தது, எவ்வளவு எழுதியிருக்கிறது, யாருக்கு எந்தத் தாள் தரவே இல்லை.

வட்டிக்கு வந்தபோது நான் சதவீதத்தை விளக்கத் தொடங்கினேன். எங்கள் வகுப்பில் பூ கட்டி விற்கிற அக்கா ஒருவர் உண்டு. எழுத்தில் பின்தங்கியவர், ண-வும் ன-வும் இன்னும் தடுமாறும். அவர் குறுக்கே வந்தார். "வருசத்துக்கு இருவத்தி நாலுன்னா, மாசம் நூத்துக்கு ரெண்டு வட்டி. நாப்பதாயிரத்துக்கு எண்ணூறு. அவ்வளவுதானே?" அவ்வளவுதான். சதவீதம் என்று பயமுறுத்திய சொல், நூத்துக்கு ரெண்டு என்றதும் எல்லோருக்கும் தெரிந்த ஆளாகிவிட்டது. அவர் அதோடு விடவில்லை. "பாதி அசல் கட்டிட்டேன்னு வையி, மிச்சம் இருவதாயிரத்துக்கு நானூறுதான வட்டி வரணும்? அவன் அப்படிப் போடுறானா, இல்ல கடைசி வரைக்கும் எண்ணூறே போடுறானா?" குறைகிற நிலுவைக்கு வட்டி, முழுத் தொகைக்கு வட்டி என்று வங்கி ஆட்கள் பிரித்துப் பேசுகிற விஷயம். கந்து வட்டிக்கு வாங்கியும் கட்டியும் தேய்ந்த வாழ்க்கையிலிருந்து அவருக்கு அது தெரிந்திருந்தது. பள்ளிக்கூடத்துக்கு வெளியே கற்றது என்பதால் அதற்கு அதுவரை மதிப்பெண் யாரும் போடவில்லை.

எனக்கு எல்லாம் மாறியது அந்தச் சாயங்காலம்தான். அதுவரை எங்கள் வகுப்பில் தெரிந்தவன் நான், தெரியாதவர்கள் அவர்கள். ஃப்ரெய்ரே இதைத்தான் வங்கி முறைக் கல்வி என்றார். ஆசிரியர் பணம் போடுவது போலப் போட்டுக்கொண்டே போவார், மாணவர் வாங்கி வைத்துக்கொள்வார். இந்தக் கருத்தை எத்தனையோ கட்டுரைகளில் பார்த்துத் தலையாட்டியிருக்கிறேன். அன்றைக்குப் பூக்கார அக்கா பலகைக்கு எதிரே எழுந்து நின்றபோது அது கருத்தாக இல்லாமல் ஒரு ஆளாக எனக்கு முன்னால் நின்றது.

சரி, தெரிந்துகொண்டாயிற்று. அடுத்து என்ன? இங்கே வகுப்பு இரண்டாகப் பிரிந்தது. அடுத்த தடவை பையன் வரும்போது படித்துக் காட்டச் சொல்ல வேண்டும் என்றார்கள் சிலர். "கேட்டா அடுத்த லோன் தர மாட்டான், பிள்ளைக்கு ஃபீஸ் கட்ட நீயா தருவ?" என்றார்கள் மற்றவர்கள். இது கோழைத்தனம் என்று யாராவது சொன்னால் நான் சண்டைக்கு வருவேன். ஜான்ஸ் தீவின் பாதிரியாரும் தலைமையாசிரியரும் பயந்ததும் இதற்குத்தான். தெரிந்துகொள்வதற்கும் கேட்பதற்கும் நடுவில் ஒரு பள்ளம் இருக்கிறது, எழுத்து மட்டும் அதைத் தாண்ட வைக்காது. கடைசியில் ஒரு வழி அவர்களே சொன்னார்கள். ஒருத்தி கேட்டால் அவளுக்கு மட்டும் லோன் நிற்கும், தவணை கட்டக் கூடுகிற சென்டர் மீட்டிங்கில் உட்காருகிற எல்லோரும் சேர்ந்து கேட்டால் யாருக்கு நிறுத்துவான்? குழுவில் ஒருத்தர் கட்டாவிட்டால் மற்றவர்கள் கட்ட வேண்டும் என்று எல்லோரையும் சேர்த்துக் கட்டியது லோன் கொடுக்கிறவர்கள்தானே.

கேட்டார்கள். பையன் முதலில் சிரித்தான், அப்புறம் மணியைப் பார்த்தான், அப்புறம் படித்தான். சில வரிகள் அவனுக்கே புரியவில்லை, மேலதிகாரிக்குப் போன் போட்டான். லோன் நிற்கவில்லை. எல்லா இடத்திலும் இப்படி நடக்கும் என்று நான் சொல்ல மாட்டேன்.

கிளார்க்கைப் பற்றி இன்னும் ஒன்று சொல்ல வேண்டும். எஸ்.சி.எல்.சி.யில் அவர் இருந்த காலத்தில், அங்கிருந்த ஆண் தலைவர்கள் அவர் பேச்சைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. எல்லா ஊர்வலத்தையும் நீங்களே முன்னின்று நடத்தாதீர்கள், உள்ளூர் ஆட்களை வளர்த்து விடுங்கள் என்று கிங்குக்கு ஒரு கடிதம் எழுதினார். அதை அலுவலகத்தில் வாசித்துச் சிரித்தார்கள் என்று அவரே பதிவு செய்திருக்கிறார். விடுதலைக்காகக் கூடிய இடத்திலேயே, ஒரு பெண், அதுவும் வகுப்பு எடுக்கிற பெண், சொன்னால் சிரிப்பு வருகிறது. அந்தக் கடிதத்தில் அவர் கேட்டது, ராபின்சனை வகுப்புக்கு அனுப்பியபோது செய்ததையே பெரிய அளவில் செய்யச் சொல்லித்தான். 1976இல் தென் கரோலினா அவருடைய ஓய்வூதியத்தைத் திருப்பித் தந்தது. அவரை வேலையை விட்டு நீக்கிய அதே சார்ல்ஸ்டனின் பள்ளி வாரியத்துக்கு மக்கள் அவரைத் தேர்ந்தெடுத்தார்கள். கடிதத்துக்கு யாரும் மன்னிப்புக் கேட்டதாக நான் படிக்கவில்லை.

டார்செஸ்டரில் பயிற்சி பெற்று ஊர் திரும்பிய ஆசிரியர்களுக்கு மாதம் 30 டாலர் கொடுத்தார்கள். பெரிய தொகை இல்லை, ஆனால் உன் நேரத்துக்கு மதிப்பு உண்டு என்று சொல்கிற தொகை. இங்கே வயது வந்தோர் வகுப்பு எடுக்கிறவர்களைத் தன்னார்வலர் என்கிறோம், கைதட்டிச் சான்றிதழ் கொடுக்கிறோம். எனக்குக் கடை இருக்கிறது, பரவாயில்லை. பூக்கார அக்காவுக்கு ஒரு சாயங்காலம் என்பது பத்து முழம் பூ. அவரை மாதிரி ஆட்கள் பாடம் நடத்த வர வேண்டுமானால் அந்தப் பத்து முழத்துக்கு யாராவது பதில் சொல்ல வேண்டும். இந்தத் திட்டங்களை எழுதுகிறவர்கள் யாராவது இதைப் படித்தால், என்னுடைய கோரிக்கை இது ஒன்றுதான்.

இப்போதைக்கு நாங்களே ஒரு ஏற்பாடு செய்திருக்கிறோம். வட்டிக் கணக்குப் பாடம் இனி அவர்தான் எடுக்கப் போகிறார். அந்த நாட்களில் மீதமாகிற பூவை வகுப்புக்கு வருகிறவர்கள் பிரித்து வாங்கிக்கொள்வது என்று பேச்சு. எண்ணைப் பலகையில் அவர் எழுதுவார், சொற்களை நான் எழுதிக் கொடுக்க வேண்டும். முதல் பாடம் ஏலச் சீட்டில் இருந்து தொடங்குவதா, நகை அடகில் இருந்து தொடங்குவதா என்று நேற்று வரை முடிவாகவில்லை. அவருக்கு நகை அடகுதான் சரி என்று படுகிறது, ஏனென்றால் எல்லோர் பையிலும் அந்தச் சீட்டு இருக்கிறதாம்.